பதினாலு மாடி முதுகு சொன்ன வாக்கு

கரையான்சாவடி,
ஆடி கடைசி வெள்ளி.

அண்ணனூர் ரயில் ஷெட்டின் அசையாத தூணும், என் வீட்டுக்காரி கன்னியம்மாவுடன் பிறந்த ஒரே அண்ணனும், எங்கள் ஜோதிகாவுக்கு வாய்த்த ஒரே தாய்மாமனுமாகிய உயர்திரு ஏகாம்பரம் மச்சான் அவர்களின் திவ்விய சமூகத்துக்கு, மைக் செட் வேம்புலி தோளில் கிடந்த துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு எழுதும் கடிதம். இவ்விடம் அம்மன் காப்பில் எல்லோரும் நலம். அவ்விடம் அக்காவும், பையன்கள் இருவரும், உங்கள் முழங்காலும் நலமாக இருக்க வேண்டுகிறேன். முழங்காலை விசாரித்தது கிண்டல் இல்லை, உண்மையாகவே விசாரித்தேன். நான் எதைச் சொன்னாலும் கிண்டல் மாதிரியே கேட்கிறது என்று உங்கள் தங்கை சொல்கிறாள், அதனால் இந்த விளக்கம்.

இந்தக் காலத்தில் எவன் கடிதம் எழுதுகிறான் என்று நினைப்பீர்கள். போன் போட்டேன் மச்சான், நீங்கள் எடுக்கவில்லை. வாட்சப்பில் வணக்கம் வைத்தேன், அது ஒற்றை டிக்கோடு வாசலிலேயே நிற்கிறது. நேரில் வரலாம் என்றால் வாயைத் திறக்க வேண்டும். என் வாயைத் திறந்தால் என்ன ஆகும் என்பது இந்த வருஷம் கரையான்சாவடிக்கே தெரிந்துவிட்டது. அதனால்தான் காகிதம். காகிதம் சத்தம் போடாது, சொன்னதைத் திருப்பியும் சொல்லாது. நான் ஐந்தாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். பள்ளிக்கூடம்தான் என்னை விட்டது என்று வாத்தியார் சொல்வார். எழுத்துத் தமிழ் என்று எனக்குத் தெரிந்ததெல்லாம் இத்தனை வருஷமாக மைக்கில் வாசித்த திருவிழா நோட்டீஸும் கண்ணீர் அஞ்சலியும்தான். நடுவில் எங்கேயாவது 'பக்தகோடிகள் திரண்டு வருக' என்றோ 'இறுதி ஊர்வலம் மாலை நான்கு மணிக்கு' என்றோ வந்துவிட்டால், கைப்பழக்கம் என்று விட்டுவிடுங்கள்.

விஷயத்துக்கு வருகிறேன். நம் வேம்புலியம்மன் கோயிலுக்கு எதிரே பதினாலு மாடி பிளாட்டு ஒன்று எழும்பியதே, அதற்கு முகம் மெயின் ரோட்டுப் பக்கம், முதுகு நம் கோயில் பக்கம். முதுகில் ஜன்னல் கிடையாது, பால்கனி கிடையாது, கீழிருந்து மேல்வரை வெறும் சுவர். தை மாதம் அதற்கு வெள்ளை அடித்து முடித்தார்கள். அன்றிலிருந்து நான் கோயில் வாசலில் நின்று மைக்கில் எதைச் சொன்னாலும், ஒரு மிடறு எச்சில் விழுங்குவதற்குள் அது அப்படியே திரும்பி வருகிறது. எதிரொலிதான், அதில் ஒன்றும் அதிசயம் இல்லை. கிணற்றுக்குள் கத்தினாலும்தான் வரும். ஆனால் இந்த முதுகு சொல்கிற தினுசே வேறு. நாம் பேசும்போது சுவரில் பல்லி சத்தம் போட்டால், 'பாத்தியா, பல்லியே சொல்லிடுச்சு' என்று தரையைத் தட்டுவோமே, அந்த மாதிரி. யாரோ ஒரு பெரிய மனுஷன் கேட்டுவிட்டு, யோசித்துத் தலையாட்டி, சரி அப்படியே ஆகட்டும் என்று ஒத்துக்கொண்ட மாதிரி வரும். பிறகு அது நடந்துவிடும்.

முதலில் மாட்டியவர் டீக்கடை நடேசன். மைக் டெஸ்ட் செய்யும்போது ஒன்று இரண்டு மூன்று என்று எண்ணுகிற மைக் செட்டுக்காரர்கள் உண்டு. எனக்கு எண் வராது, ஆள்தான் வரும். பங்குனித் திருவிழாவுக்குக் குழாய் ஸ்பீக்கரைக் கட்டிவிட்டு, "ஹலோ, ஹலோ, நடேசன் கடையில டீ குடிக்கறவங்க கவனத்துக்கு. நடேசன் சக்கரையை டம்ளருக்குக் காட்டிட்டு எடுத்துக்கறாரு. இன்னும் கொஞ்ச நாள்ல அந்தக் கடையில சக்கரை டப்பாவே இருக்காது" என்று இழுத்தேன். சுவர் ஒத்துக்கொண்டது. சித்திரை பிறப்பதற்குள் நடேசனுக்குத் தலைசுற்றல் வந்து, ரத்தத்தைப் பார்த்து, சர்க்கரை என்று சொல்லிவிட்டார்கள். மனுஷன் கடைக்கு வந்து முதல் வேலையாகச் சர்க்கரை டப்பாவைத் தூக்கிப் பரணில் போட்டார். "எனக்கு இல்லாத சக்கரை உங்களுக்கு இன்னாத்துக்கு?" என்கிறார். இப்போது அவர் இளைத்து, தோல் மினுமினுத்து, மாப்பிள்ளை மாதிரி இருக்கிறார். நாங்கள்தான் கசப்பைக் குடித்துக்கொண்டிருக்கிறோம்.

அடுத்தது உங்கள் தங்கை. சித்திரையில் ஒரு காது குத்துக்கு அதே கோயிலில் செட் போட்டேன். சும்மா இருந்திருக்கலாம். "எங்க ஊட்டு ரேடியோ ஒரு வாரத்துக்கு ரிப்பேர் ஆவப்போவுது, அப்பால நான்தான் ராஜா" என்றேன். மறுநாள் காலை கன்னியம்மா வாயைத் திறக்கிறாள், காற்றுதான் வருகிறது. தொண்டை வீங்கியிருக்கிறது, ஒரு வாரம் பேசவே கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். அரை நாள் ராஜாவாக இருந்தேன் மச்சான், பொய் சொல்ல மாட்டேன். மத்தியானம் அவள் ஒரு கரண்டியையும் எவர்சில்வர் தட்டையும் எடுத்துக்கொண்டாள். ஒரு தட்டு தட்டினால் சோறு ரெடி. இரண்டு தட்டினால் உடனே வா. மூன்றாவதற்கு அவளுக்குத் தட்டு தேவைப்படவில்லை, என் முதுகே போதுமாக இருந்தது. இத்தனை வருஷமாக அவள் பேசியதெல்லாம் என்னைக் காப்பாற்றத்தான், கோபமெல்லாம் வாய் வழியாகக் காற்றில் போய்க்கொண்டிருந்திருக்கிறது என்று அந்த வாரம்தான் புரிந்துகொண்டேன்.

இவ்வளவு நடந்தும் எனக்கு உறைக்கவில்லை. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்தது என்று விட்டுவிட்டேன். அப்போதே உறைத்திருந்தால் ஆடி மூன்றாம் ஞாயிறு வந்திருக்காது. ஞாயிறு வந்திருக்கும், என் வாய் வந்திருக்காது.

அன்று கூழ் வார்க்கிற நாள். முதலில் பிளாட்டு சங்கத்துச் செயலாளர் ரகுநாதன் சார் வந்தார். ரிட்டயர் ஆனவர், திருநெல்வேலிப் பக்கம். கையில் செல்போனை வைத்து என் ஸ்பீக்கரை அளந்துகொண்டே, "மிஸ்டர், டெசிபல்னு ஒண்ணு இருக்கு தெரியுமா?" என்றார். என்னிடம் மைக் இருக்கும்போது யாரும் என்னிடம் இப்படிக் கேள்வி கேட்கக் கூடாது. "பக்தர்களே, டெசிபல் சாமி வந்துகீறாரு. இன்னிக்கி மைக்கைத் திட்டறாரு. ஒரு தபா கையில புடிச்சாருன்னா அப்பால விடமாட்டாரு, பாத்துகினே இருங்க" என்றேன். ஜனம் சிரித்தது, சுவர் ஒத்துக்கொண்டது, சார் சிவந்துபோய்த் திரும்பினார். அந்த நேரம் பார்த்துத்தான் நீங்கள் கூழ்க் குடத்தைத் தோளில் வைத்துக்கொண்டு தெருமுனையில் வந்தீர்கள். கூழ் வார்த்து முடித்து அண்டாவைக் கழுவிக்கொண்டிருந்தார்கள். அண்ணனூரிலிருந்து இரண்டு பஸ் மாறி, தளும்பாமல் கொண்டுவந்தீர்கள் என்று எனக்கு இப்போது தெரிகிறது. அப்போது தெரிந்ததெல்லாம் என் கையில் மைக் இருக்கிறது, சிரித்த ஜனம் இன்னும் நிற்கிறது என்பதுதான்.

"அதோ வர்றாரு பாருங்க எங்க மச்சான் ஏகாம்பரம். ரயில் ஷெட்டுல வேலை, ஆனா ஜென்மத்துல ஒரு ரயிலைப் புடிச்சதில்லை. ஆவணியில எங்க ஜோதிகா கல்யாணம். எப்ப வருவாரு? தாலி கட்டினப்புறம் வருவாரு. ஆனா பந்தியில மொத ஆளா குந்துவாரு."

சுவர் நிறுத்தி நிதானமாகச் சொன்னது. தாலி கட்டினப்புறம் வருவாரு. மொத ஆளா குந்துவாரு.

நீங்கள் குடத்தை அம்மன் முன்னால் இறக்கி வைத்தீர்கள். "சரிடா வேம்புலி" என்றீர்கள். துண்டை உதறிப் போட்டுக்கொண்டு போய்விட்டீர்கள். கன்னியம்மா "அண்ணாத்தே, அண்ணாத்தே" என்று பஸ் நிறுத்தம் வரை ஓடிவிட்டுத் திரும்பி வந்தாள். அவளுக்குத் தொண்டை எப்போதோ சரியாகிவிட்டது. ஆனாலும் ஒன்றும் பேசவில்லை. கரண்டியையும் எடுக்கவில்லை.

மச்சான் கோபம் பால் பொங்குகிற மாதிரி, அடுப்பை இறக்கினால் அடங்கிவிடும் என்று ஒரு வாரம் காத்திருந்தேன். அதற்குள் ரகுநாதன் சார் கோயில் வாசலில் ஒலி மாசு பற்றிக் கூட்டம் போட்டார். கூட்டத்துக்கு மைக் வேண்டுமே, என் மைக்கைத்தான் வாங்கினார். தொண்டையைக் கனைத்தார். அந்தக் கனைப்பு பதினாலு மாடியிலிருந்தும் இறங்கி வந்து அவர் காதில் விழுந்தது. மச்சான், அந்த முகத்தை நீங்கள் பார்க்க வேண்டும். பெண் பார்க்கப் போன இடத்தில் பெண்ணே காப்பி கொடுத்த மாதிரி ஒரு வெட்கம். ஒலி மாசு எங்கே போனதோ, சாமி பாட்டு ஒரு வரி எடுத்தார். அப்புறம் இன்னொரு வரி. அன்று பிடித்தவர் இன்னும் விடவில்லை. தினமும் சாயந்திரம் வந்துவிடுகிறார். செட்டும் என்னுடையது, காதும் என்னுடையது. நேற்று நானே பொறுக்க முடியாமல், "சார், டெசிபல்னு ஒண்ணு கீது" என்றேன். "கலைக்கு ஏது வேம்புலி டெசிபல்" என்று கண்ணை மூடிக்கொண்டார்.

அவர் முதல் நாள் பாடும்போதுதான் நான் நடேசன் கடையில் கசப்பு டீயோடு உட்கார்ந்து கூட்டிப் பார்த்தேன். நடேசனுக்குச் சொன்னது நடந்தது. கன்னியம்மாவுக்குச் சொன்னது நடந்தது. சாருக்குச் சொன்னது நடந்துகொண்டே இருக்கிறது. மிச்சம் நீங்கள்தான்.

மச்சான், நெற்றிப் பட்டம் யார் கட்டுவது? நம் வழக்கத்தில் தாய்மாமன் பட்டம் கட்டாமல் எந்தப் பெண் மணையில் உட்கார்ந்திருக்கிறாள்? நீங்கள் தாலி கட்டிய பிறகு வந்தால், என் பெண் வெறும் நெற்றியோடு உட்கார்ந்திருப்பாள். மாமன் இல்லாத பெண்ணா என்று மாப்பிள்ளை பரத் வீட்டு ஆவடி ஜனம் கேட்கும். அவர்கள் கேட்டால்கூடப் பரவாயில்லை, ஜோதிகா வாசலைப் பார்த்துக்கொண்டே இருப்பாள். உங்களுக்கு இரண்டும் பையன்கள். இவளைத்தான் தோளில் தூக்கிக்கொண்டு அண்ணனூர் ஷெட்டில் நிற்கிற வண்டியையெல்லாம் காட்டி, "எல்லாம் உன்து" என்று சொல்லி வைத்தீர்கள். பள்ளிக்கூடம் போகிறவரை அவள் அதை நம்பிக்கொண்டிருந்தாள். அந்த மாமனை நான் ஒரு சிரிப்புக்காக மைக்கில் விற்றுவிட்டேன்.

சொன்ன வாயாலேயே மாற்றிச் சொல்லிவிடலாம் என்று போனேன். மைக்கைப் பிடித்து, "எங்கள் மரியாதைக்குரிய மச்சான் ஏகாம்பரம் அவர்கள் முகூர்த்தத்துக்கு முன்பாகவே வருகை தந்து சிறப்பிப்பார்கள்" என்றேன். சுவர் சும்மா இருந்தது. மறுபடி சொன்னேன். ஒரு புறா பறந்ததுதான் மிச்சம். அப்புறம்தான் புரிந்தது, நல்லதைச் சொல்லும்போது எனக்குக் குரல் உள்ளே போய்விடுகிறது. கிண்டல் பண்ணும்போது மட்டும்தான் தொண்டை கோயில் மணி மாதிரி திறக்கிறது. அடிவயிற்றிலிருந்து வராத பேச்சு அந்தச் சுவர் வரைக்கும் போய்ச் சேர்வதே இல்லை. சரி, கிண்டலாகவே சொல்லிவிடுவோம், மச்சான் விடியறதுக்கு முன்னாடி வந்து சமையல்காரனை உதைச்சு எழுப்புவாரு என்று சொல்லலாம் என்று வாயைத் திறந்தால், பயத்தில் கிண்டல் வரவில்லை. ஐம்பத்து மூன்று வயதில் எனக்குக் கிண்டல் வராத நாள் அது ஒன்றுதான்.

கடைசியாக ரகுநாதன் சார் காலைப் பிடித்தேன். அவர் குரல்தான் சுவர் வரை போகிறதே. "சார், பாட்டு நடுவுல 'மச்சான் முன்னாடியே வந்துடுவாரு'ன்னு ஒரு தபா சொல்லிடுங்க" என்றேன். ராகம் போட்டே சொன்னார். சுவரும் ராகத்தோடு ஒத்துக்கொண்டது. நான் நிம்மதியாகத் தூங்கினேன். மறுநாள் காலை திருநெல்வேலியிலிருந்து அவருடைய மச்சான் தங்கராஜ் பெட்டி படுக்கையோடு வந்து இறங்கிவிட்டார். தீபாவளிக்கு வருவதாக இருந்தவராம், முன்னாடியே வந்துவிட்டார். யார் சொல்கிறார்களோ அவர்கள் மச்சானைத்தான் சுவர் எடுத்துக்கொள்ளும் போலிருக்கிறது. சார் வீட்டு அம்மாவுக்கு அண்ணன் வந்ததில் சந்தோஷம். சார் இப்போது சோகப் பாட்டாகப் பாடுகிறார்.

இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்த ஜோதிகாதான், "நைனா, தப்பு பண்ணது மாமாவுக்கு. சுவத்தாண்ட போயி இன்னாத்துக்குத் தொங்கிகினு கீற?" என்று கேட்டாள். அதனால் எழுதுகிறேன். ஆவணி பத்தொன்பதாம் தேதி காலை ஆறிலிருந்து ஏழரைக்குள் குமணன்சாவடி மண்டபத்தில் முகூர்த்தம். நீங்கள் இரண்டு நாள் முன்னாலேயே இங்கே வந்துவிடுங்கள். என் கட்டிலைத் தருகிறேன், நான் ஆம்ப்ளிபயர் பெட்டி மேல் படுத்துக்கொள்கிறேன். நீங்கள் உள்ளே இருந்துகொண்டு கதவைப் பூட்டிக்கொண்டால் சுவர் என்ன செய்யும்? எல்லோர் முன்னாலும் சொன்னதற்கு எல்லோர் முன்னாலும் உங்கள் காலில் விழுகிறேன். முழங்காலைத் தொட மாட்டேன், அது வலிக்கும். கூழ்க் குடத்தைக் கழுவித் துடைத்து அலமாரி மேல் வைத்திருக்கிறேன். அன்று உங்கள் கூழை நான்தான் தனியாக உட்கார்ந்து குடித்தேன். நன்றாக இருந்தது என்று சொல்வதற்கு ஆள்தான் இல்லை.

அக்காவுக்கு என் கும்பிடு. பையன்களுக்குக் கல்யாண வயசு வந்துவிட்டது, அவர்களுக்கு வாயடக்கமான மாமனார்களை வேம்புலியம்மன் காட்டட்டும். உங்கள் வீட்டுப் பல்லிகள் நல்லதுக்கு மட்டும் சொல்லட்டும்.

இப்படிக்கு,
இன்று காலை முதல் வாய் குறைந்த,
மைக் செட் வேம்புலி.

பின்குறிப்பு: தபாலில் போடுமுன் எழுத்துப் பிழை பார்க்க ஜோதிகாவிடம் கொடுத்தேன். பாதி படித்துவிட்டுத் தரையில் உட்கார்ந்து சிரிக்கிறாள்.

"இத்த இன்னாத்துக்குப் போஸ்ட் பண்ற நைனா? மாமா வந்துட்டுப் போயிட்டாரே."

"எப்ப வந்தாரு?"

"தாலி கட்டினப்புறம் வந்தாரு."

சுடிதார் கழுத்துக்குள்ளிருந்து ஒரு மஞ்சள் கயிற்றை எடுத்துக் காட்டுகிறாள் மச்சான். போன புதன்கிழமை ஜாக்கெட் தைக்கக் கொடுக்கப் போகிறோம் என்று தாயும் மகளும் கிளம்பினார்களே, அது ஜாக்கெட் இல்லையாம். சுவர் சொன்னதை மாற்ற முடியாது என்றால் முன்கூட்டியே நடத்தி முடித்துவிட்டால் போயிற்று என்று இவளே யோசனை சொல்லி, அண்ணனூர் பிள்ளையார் கோயிலில் பரத் ஒரு கயிற்றைக் கட்டிவிட்டானாம். இனிமேல் பெரிய கல்யாணத்துக்கு மாமா எப்போது வேண்டுமானாலும் வரலாம், சுவருக்குப் பாக்கி இல்லையாம். மாப்பிள்ளை வீடு முழுக்கத் தெரியுமாம். தெரியாதவன் நான் ஒருத்தன். மைக் வைத்திருப்பவனிடம் எவள் ரகசியம் சொல்வாள்?

நீங்கள் எல்லோருக்கும் முன்னாலேயே வந்து கோயில் வாசல் பூக்கடையில் நின்றீர்களாமே. "கட்டியாச்சா? இன்னும் இல்லியா? சரி, நான் இங்கயே கீறேன், கட்டினப்புறம் கூப்டு" என்று தங்கையிடம் சொன்னீர்களாமே. பிறந்ததிலிருந்து நேரத்துக்கு வராத மனுஷன், ஒரு தடவை சீக்கிரமாக வந்து, லேட்டாக நுழைவதற்காக வெயிலில் காத்துக்கொண்டு நின்றிருக்கிறீர்கள். அப்புறம் பக்கத்து மெஸ்ஸில் முதல் இலையில் உட்கார்ந்தீர்கள், அதுவும் சுவருக்காகத்தான் என்று கன்னியம்மா சத்தியம் செய்கிறாள். பட்டம்கூட வாங்கி பீரோவில் வைத்தாகிவிட்டதாம். எல்லாம் முடிந்து கை கழுவும்போது, "அந்த வாயாடி கிட்ட சொல்லிடாத. இன்னும் கொஞ்ச நாளு சுவத்தாண்ட அலையட்டும்" என்றீர்களாம்.

அலைந்தேன் மச்சான். நன்றாகவே அலைந்தேன்.

ஆகவே மேலே எழுதியதில் நலம் விசாரித்ததையும் கூழ் நன்றாக இருந்ததையும் மட்டும் வைத்துக்கொண்டு, மற்றதை அடித்துவிடுங்கள். கல்யாணத்தன்று மைக் உங்கள் கையில். என்னைப் பற்றி என்ன வேண்டுமானாலும் சொல்லிக்கொள்ளுங்கள், ஜனம் சிரிக்கட்டும். மண்டபத்துக்கு எதிரே பிளாட்டு எதுவும் இல்லை. நேற்றே குமணன்சாவடி போய் நாலு பக்கமும் பார்த்துவிட்டு வந்தேன்.